செல்வி ஆலியா போதுமான அளவு அழாதது தொடர்பாக

இராஜபாளையத்தில் மிக்ஸி ரிப்பேர் கடை வைத்திருக்கும் ஷாநவாஸ், எந்த மிக்ஸியையும் எடுத்தவுடன் கழற்ற மாட்டான். சுவிட்சைப் போட்டுவிட்டுக் கண்ணை மூடிக் கேட்பான். "கார்பன் தேஞ்சிருச்சு" என்பான். இல்லாவிட்டால், "மோட்டாருக்கு ஒண்ணுமில்லக்கா, பிளேடுக்கு அடியில கடுகு கெடக்கு" என்பான். கழற்றினால் கடுகு கிடக்கும். அவன் ஒருநாள் மத்தியானம் சாப்பிட வீட்டுக்கு வந்தபோது, ஐந்து மாதக் குழந்தை ஆலியா தொட்டிலில் முகம் சிவக்க, வாயை அகலத் திறந்து, காலை உதைத்து உதைத்து அழுதுகொண்டிருந்தாள். சத்தம் மட்டும் வரவில்லை.

தன் காதுதான் போய்விட்டது என்று ஷாநவாஸ் பயந்துபோனான். அடுப்படிக்குப் போய் மனைவி நூர்பானுவின் தோளைத் தொட்டான். அவள் திரும்பி என்னமோ கேட்டாள். உதடு அசைந்தது, அவ்வளவுதான். அவள் முகத்திலும் அதே பயம். பிள்ளையைத் தூக்கிக்கொண்டு இருவரும் வாசலுக்கு ஓடினார்கள். நிலைப்படியைத் தாண்டியதும் ஆலியாவின் அழுகை தெருவில் போய் விழுந்தது.

"எம்புட்டு நேரமா அழுதுச்சோ, யா அல்லா! தூங்குதுன்னுல்ல நெனச்சிட்டு இருந்தேன்" என்று நூர்பானுவும் சேர்ந்து அழுதாள்.

தொட்டில் மாட்டியிருந்த இரும்பு வளையத்தைச் சுற்றி முப்பது நாற்பது கற்கண்டுத் துண்டுகள் ஒட்டிக்கொண்டிருந்தன. கிட்டே போய்ப் பார்த்தால் அவை அசைந்தன. காலோ தலையோ கிடையாது. தாயக்கட்டை உருளுவதுபோல ஒரு முகத்திலிருந்து அடுத்த முகத்துக்குக் கவிழ்ந்து கவிழ்ந்து நகர்ந்தன. பிள்ளை அழுததைத் தின்ற துண்டுகள் மாதுளை முத்துபோலச் சிவந்திருந்தன. குக்கர் விசிலைத் தின்றவை சாம்பல் நிறமாக இருந்தன.

"இதுவா? இது பிளவக்கல் மலைப் பக்கமிருந்து மழையில எறங்கி வந்திருக்கு. பேப்பர்ல போட்டிருந்தானேப்பா, சத்தத்தத் திங்கிற கல்லுன்னு" என்றார் பக்கத்து வீட்டு ராம்கி. அவர் வளர்க்கும் வெள்ளை நாய் ஷாநவாஸ் வீட்டு ஜன்னலுக்குள் தலையை நீட்டிக் காலையிலிருந்து குரைத்தும் தன் குரல் தனக்கே கேட்காமல், இரை எடுக்காமல் படுத்திருந்தது.

நூர்பானு எல்லாவற்றையும் விளக்குமாற்றால் கூட்டி, முறத்தில் அள்ளி, தெருக்கோடி ஓடையில் கொட்டிவிட்டு வந்தாள். சாயங்காலத்துக்குள் ஒன்றன்பின் ஒன்றாகக் கவிழ்ந்து கவிழ்ந்து திரும்பி வந்து, பழைய இடத்திலேயே ஏறிக்கொண்டன. இந்த வீட்டுச் சாப்பாடு பிடித்துப்போயிருக்க வேண்டும்.

அப்போதுதான் ஷாநவாஸ் அந்தத் தவறைச் செய்தான். பேப்பரில் போட்டிருந்த இலவச எண்ணுக்குப் போன் பண்ணினான்.

மறுநாள் காலை ஒன்பது மணிக்கே ஜீப் வந்து நின்றது. ஒரு அரசு அலுவலகம் கூப்பிட்ட மறுநாளே வந்துவிட்டதில் ஷாநவாஸுக்குக் கண் கலங்கிவிட்டது. இறங்கியவர் சத்யப்பிரியா. ஒலியுண்ணிகள் பாதுகாப்பு மற்றும் போஷாக்கு வாரியத்தின் கள ஆய்வாளர். சின்ன வயது, மரியாதையான பேச்சு. வீட்டுக்குள் போய்ப் பூதக்கண்ணாடி வைத்துப் பார்த்தார். நாற்பத்தொன்று என்று எழுதிக்கொண்டார். கதவில் ஒரு நோட்டீசை ஒட்டினார். 'பாதுகாக்கப்பட்ட உண்விடம், எண் 214'.

"எப்பம்மா எடுத்துட்டுப் போவீங்க?" என்று வாசலில் நின்று கேட்டான் ஷாநவாஸ்.

"எடுக்கிறதா? சார், இது அரிய உயிரினம். தொட்டாலே கேசு."

நூர்பானு விளக்குமாற்றை மெதுவாகக் கதவுக்குப் பின்னால் தள்ளினாள்.

"அப்ப நாங்க வேற வீடு பாத்துப் போயிருதோம்."

"அதுவும் முடியாது சார். நீங்க போயிட்டா அதுங்க பட்டினி கெடக்கும். பட்டினி போட்டதுக்குத் தனிப் பிரிவு இருக்கு." சத்யப்பிரியா ஒரு படிவத்தை நீட்டினார். "இன்னையிலேருந்து நீங்க ரெண்டு பேரும் ஒலி வழங்குநர்கள். பாப்பா முதன்மை ஒலி வழங்குநர். அது அழுறதுலதான் சத்து அதிகமாம். ஆய்வுல வந்திருக்கு."

"புள்ள அழுதா எனக்கு எப்பிடிம்மா தெரியும்?" என்று நூர்பானு கேட்டாள்.

சத்யப்பிரியா உண்மையிலேயே யோசித்தார். "பாத்துக்கிட்டே இருங்க" என்றார்.

அன்றிலிருந்து பார்த்துக்கொண்டே இருந்தார்கள். நூர்பானு சமைக்கும்போது ஷாநவாஸ் தொட்டில் அருகே உட்கார்ந்து பிள்ளையின் வாயைப் பார்த்தான். கடைக்குப் பதினோரு மணிக்கு முன்னால் போக முடியவில்லை. அவன் போனபிறகு நூர்பானு ஒரு தையல் நூலை எடுத்து, ஒரு முனையைப் பிள்ளையின் காலிலும் மறுமுனையைத் தன் வளையலிலும் கட்டிக்கொண்டாள். பிள்ளை உதைத்தால் வளையல் இழுக்கும். இழுத்தால் ஓடுவாள்.

ஒரு வியாழக்கிழமை நூல் அவிழ்ந்துவிட்டது. நூர்பானு துணி அலசிப் பிழிந்து, கொடியில் காயப்போட்டு, முகத்தைத் துடைத்துக்கொண்டு உள்ளே வந்தாள். தொட்டிலில் கட்டெறும்பு. ஆலியாவின் காது மடல் தடித்து, உதடு நீலம் பாரித்திருந்தது. எவ்வளவு நேரம் கத்தினாளோ, வாசலுக்குத் தூக்கிக்கொண்டு ஓடியபோதுகூடச் சத்தம் வரவில்லை. தொண்டை கட்டிப்போய்க் காற்றுதான் வந்தது. மேலே வளையத்தில் கற்கண்டுகள் சிவப்புச் சிவப்பாய்ப் பருத்து, ஒன்றன்மேல் ஒன்று சாய்ந்து, உண்ட மயக்கத்தில் இருந்தன.

கடையிலிருந்து ஓடிவந்த ஷாநவாஸுக்கு நூர்பானு பிள்ளையின் காதைக் காட்டினாள். நூலை அவன் கையில் கொடுத்தாள். அவன் மறுநாளே ஸ்ரீவில்லிபுத்தூருக்குப் பஸ் ஏறினான்.

வாரியத்தின் மண்டல அலுவலகம் அங்கேதான் ஒரு மாடியில் இருந்தது. எழுத்தர் முத்துப்பாண்டி பால்கோவாவைப் பனையோலைக் கரண்டியால் வழித்துத் தின்றபடி மனுவைப் படித்தார்.

"இணைப்பு ஒண்ணுமே இல்லியே. உங்க வீட்டுல எந்தச் சத்தம் காணாமப் போச்சோ, அந்தச் சத்தத்தோட ஆடியோ வேணும்."

"அததான் சார் அது தின்னுருச்சு."

"தின்னதுக்கு முந்தி எடுத்திருக்கணும்."

"முந்தின்னு ஒண்ணு இல்லவே இல்ல சார். வெளிய வரவே விடமாட்டேங்குது."

"சரி, ஆடியோ இல்லன்னா குழந்தை அழுததுன்னு ஒரு சான்றிதழ் வாங்கிருங்க. எங்க கேட்பு அலுவலரே வந்து குடுப்பாரு." முத்துப்பாண்டி கரண்டியை நக்கிவிட்டுச் சேர்த்துச் சொன்னார். "நல்ல மனுஷன். காதால கேட்டாத்தான் எழுதுவாரு."

கேட்பு அலுவலர் பத்து நாள் கழித்து வந்தார். பிள்ளையை வாசலில் வைத்து அழுகையைக் கேட்கும்படி நூர்பானு கெஞ்சினாள். உண்விடத்துக்கு வெளியே தனக்கு அதிகாரம் இல்லை என்று அவர் மறுத்துவிட்டார். தொட்டில் அருகே நாற்காலி போட்டு உட்கார்ந்தார். ஆலியா அவர் மீசையைப் பார்த்து அழத் தொடங்கினாள். அவர் காதைத் தொட்டில்வரைக்கும் கொண்டுபோய் அரைமணி நேரம் கேட்டார். பிறகு எழுதிக் கையெழுத்துப் போட்டு, முத்திரை குத்திக் கொடுத்தார். 'நேரில் சென்று கேட்டேன். கேட்கவில்லை. எனவே மேற்படி குழந்தை அழவில்லை எனச் சான்றளிக்கப்படுகிறது.'

அதன் நகல் ஒன்று முறைப்படி அலுவலகத்துக்குப் போனது. அங்கே அதைப் படித்தவர்கள் பதறிவிட்டார்கள். முதன்மை ஒலி வழங்குநர் அழவில்லையென்றால் நாற்பத்தொரு உயிர்களின் கதி என்ன? அடுத்த வாரம் கதவில் ஒரு குறிப்பாணை ஒட்டப்பட்டிருந்தது.

'பெறுநர்: செல்வி ஆலியா, த/பெ ஷாநவாஸ், வயது ஐந்து மாதம். பொருள்: போதுமான அளவு அழாதது தொடர்பாக. தங்கள்மீது ஏன் நடவடிக்கை எடுக்கக்கூடாது என்பதற்கான காரணத்தை நேரில் ஆஜராகி வாய்மொழியாகத் தெரிவிக்கவும். தவறினால், தங்கள் தரப்பில் சொல்வதற்கு ஒன்றுமில்லை எனக் கருதப்படும்.'

ராம்கி கண்ணாடியைப் போட்டுக்கொண்டு இரண்டு முறை படித்தார். "ஏமய்யா, அஞ்சு மாசமா? இப்ப ஆறு முடியப்போவுதே. வயசு தப்புன்னு சொல்லித் தள்ளுபடி கேளு" என்றார். அவர் அறிவுக்கு எட்டிய உதவி அதுதான்.

விசாரணை நாளன்று மூன்று பேரும் போனார்கள். பெரிய கூடம். மேடையில் ஆணையர் சிவபாண்டி. அவருக்கு முன்னால், காற்றுத் துளை போட்ட மூடியுடன் ஒரு கண்ணாடித் தொட்டி. அதற்குள் வாரியத்தின் சின்னமாக வளர்க்கப்படும் ஒலியுண்ணிகள், ஒவ்வொன்றும் எலுமிச்சம்பழம் பருமனில். இராஜபாளையத்துக் கற்கண்டுகள் அவற்றுக்கு முன்னால் பஞ்சத்தில் அடிபட்டவை மாதிரிதான்.

முதலில் வத்திராயிருப்பிலிருந்து வந்த பேச்சிமுத்து என்ற ஆட்டுக்காரர் எழுந்தார். துண்டை இடுப்பில் கட்டிக்கொண்டு வாயை அசைத்தார். கையை நீட்டி மலையைக் காட்டினார். நெஞ்சில் அடித்துக்கொண்டார். ஆடு கத்துவதுபோலக் கழுத்தை நீட்டிக் காட்டினார். ஒரு சத்தமும் வரவில்லை. தொட்டிக்குள் நாலைந்து கற்கள் பச்சையாய் மாறின. முத்துப்பாண்டி எழுதினார். 'மனுதாரர் மௌனம் காத்தார். குறை ஏதுமில்லை.' அடுத்து ஒரு பெண், அடுத்து இரண்டு சகோதரர்கள். எல்லோரும் மௌனம் காத்தார்கள்.

பிறகு ஆணையர் பேசினார். அவர் பேச்சு மட்டும் கூடத்தின் கடைசி மூலைவரை கணீரென்று கேட்டது.

"அன்பார்ந்த வழங்குநர்களே! இந்த வாரியம் தொடங்கி ஓராண்டு நிறைவடைகிறது. இந்த ஓராண்டில் ஒரு புகார்கூட எங்கள் காதுக்கு எட்டவில்லை. எட்டாதவாறு பார்த்துக்கொண்ட அலுவலர்களைப் பாராட்டுகிறேன். முன்பெல்லாம் இந்தக் கூடத்தில் எவ்வளவு இரைச்சல்! கண்ணீர், கூச்சல், சில நேரம் சாபம். இன்று? அமைதி. மக்கள் மனநிறைவோடு இருக்கிறார்கள் என்பதற்கு இதைவிட என்ன சான்று வேண்டும்? இந்த அரிய உயிரினங்கள் யார் குரலையும் விட்டுவைப்பதில்லை. என் உரையை மட்டும் தொடுவதே இல்லை! நான் வாயைத் திறந்ததும் மூலைக்கு ஒதுங்கி, அடக்கமாக நிற்கின்றன. உயிரினங்களுக்கும் பதவியின் அருமை தெரிகிறது. ஆகவே, செயல்பாடுகளை முன்னெடுத்து, முன்னெடுப்புகளைச் செயல்படுத்தி, ஒருங்கிணைந்த முறையில் ஒருங்கிணைப்பை வலுப்படுத்தி..."

ஷாநவாஸ் பழக்கதோஷத்தில் கண்ணை மூடினான். எங்கோ கேட்ட சத்தம். நல்ல வேகம், நல்ல சுற்று, மோட்டாரில் பழுது ஒன்றும் இல்லை. ஆனால் எதுவும் அரைபடவில்லை. சட்டென்று பிடிபட்டது. வெறும் ஜார் ஓடுகிற சத்தம்!

கண்ணைத் திறந்து தொட்டியைப் பார்த்தான். கற்கள் அடக்கமாக ஒன்றும் நிற்கவில்லை. நிறமெல்லாம் வெளுத்து, ஒன்றன்மேல் ஒன்று ஏறி, காற்றுத் துளை வழியாக வெளியே போக முண்டிக்கொண்டிருந்தன.

"செல்வி ஆலியா!" என்று கூப்பிட்டார் ஆணையர். நூர்பானு பிள்ளையோடு மேடைக்கு முன்னால் போய் நின்றாள். "போதுமான அளவு அழாததற்குக் காரணம் என்ன?"

ஆலியா அவரைப் பார்த்து வாயைப் பிளந்து அழுதாள். நூர்பானுவும் கோபத்தில் என்னென்னவோ சொன்னாள். தொட்டிக்குள் கற்கள் விழுந்தடித்து இறங்கி வந்து, மாதுளைச் சிவப்பாயின. முத்துப்பாண்டி எழுதினார். 'பதிலளிக்க மறுத்தார். தாயாரும் உடந்தை.'

முதல் குற்றம் என்பதால் ஆணையர் கருணை காட்டினார். அவருடைய நாற்பத்தேழு நிமிட விழிப்புணர்வு உரை அடங்கிய பென் டிரைவ் ஒன்று வழங்கப்பட்டது. குடும்பத்தார் அதை ஏழு நாட்களுக்கு, நாளொன்றுக்கு ஒரு முறையாவது வீட்டில் ஒலிக்கச்செய்து திருந்த வேண்டும்.

பஸ்ஸில் நூர்பானு ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டு வந்தாள். "எம்புள்ள என்ன குத்தம் பண்ணுச்சு? அவிய பேச்ச வேற கேக்கணுமாம்."

"கேப்போம் நூரு. நாளைக்கு ஒரு தடவையாவதுன்னுதான எழுதியிருக்கு? பத்து தடவ கேட்டா வேண்டாம்னா சொல்லப் போறாவ?"

அவள் திரும்பி அவன் முகத்தைப் பார்த்தாள். கல்யாணமான நாளிலிருந்து அவன் இப்படிச் சிரித்து அவள் பார்த்ததில்லை.

கடையிலிருந்த பெரிய ஸ்பீக்கரைக் கொண்டுவந்து தொட்டிலுக்கு நேர் கீழே வைத்தான். பிள்ளையை ராம்கி வீட்டில் விட்டுவிட்டு பென் டிரைவைச் செருகினான். 'அன்பார்ந்த வழங்குநர்களே' என்றதும் கற்கண்டுகள் ஆசையோடு ஸ்பீக்கர்மேல் இறங்கின. ஐந்து நிமிடம் உண்டு பார்த்தன. நிறம் ஏறவில்லை. பத்தாவது நிமிடம், முன்பு தின்று வைத்திருந்த சிவப்பும் வெளுக்க ஆரம்பித்தது. 'ஒருங்கிணைந்த முறையில் ஒருங்கிணைப்பை' என்ற இடத்தில் ஒரு சின்னக் கல் மல்லாந்தது. அது மல்லாந்ததா கவிழ்ந்ததா என்று சொல்ல முடியாதுதான். ஆனால் நெடுநேரம் அசையவில்லை.

இரண்டாம் நாள் எல்லாம் சுவரோரமாக ஒண்டிக்கொண்டன. மூன்றாம் நாள் மத்தியானம், உரை பதினெட்டாவது முறையாக ஓடிக்கொண்டிருந்தபோது வரிசை கட்டி நிலைப்படியைத் தாண்டின. நாற்பத்தொன்றையும் நூர்பானு எண்ணினாள். தெருவில் இறங்கி, மலையிருக்கும் மேற்குத் திசையில் கவிழ்ந்து கவிழ்ந்து போயின. வரும்போது இருந்த வேகத்தைவிடப் போகும்போது வேகம் அதிகம்.

ஷாநவாஸ் ஸ்பீக்கரை நிறுத்தினான். நூர்பானு பிள்ளையை வாங்கிவந்து தொட்டிலில் போட்டாள். இருவரும் காத்திருந்தார்கள். ஆலியா கட்டைவிரலைச் சூப்பினாள், மேலே வளையத்தைப் பார்த்தாள், சிரித்தாள். பிறகு பசி வந்தது. முதலில் ஒரு சிணுங்கல். அப்புறம் வீடு அதிர ஒரு கத்தல். நூர்பானு தூக்க ஓடினாள். ஷாநவாஸ் அவள் கையைப் பிடித்தான்.

"செத்த நேரம் இரு" என்றான். அவன் குரலும் கேட்டது.

கணக்குப் பார்க்க வந்த சத்யப்பிரியா வெறும் வளையத்தைப் பார்த்தார். நடந்ததையெல்லாம் கேட்டு, பென் டிரைவை ஆய்வகத்துக்கு அனுப்பிச் சோதித்து, நேர்மையாக அறிக்கை எழுதினார். நேர்மையானவர்கள் எழுதும் அறிக்கைகளால் சில நேரம் பெரிய சங்கடம் வந்துவிடுகிறது. அரிய உயிரினத்தை விரட்டியடித்த குற்றத்துக்கு, பழைய மனுதாரர்களும் வந்திருந்த அதே கூடத்தில், மறுபடி விசாரணை. குற்றப்பத்திரிகையை ஆணையரே வாசித்தாக வேண்டும், ஏனென்றால் வேறு யார் வாசித்தாலும் அந்தக் கூடத்தில் கேட்காது. அவருக்கு எதையும் முன்கூட்டிப் படித்துப் பார்க்கும் பழக்கம் இல்லை.

"எதிர்மனுதாரர்கள், மாண்புமிகு ஆணையரின் உரையைத் தொடர்ந்து ஒலிக்கச் செய்தனர். ஆய்வகச் சோதனையின்படி, மேற்படி உரையில் உண்ணத்தக்க பொருள் எதுவும் இல்லை. நாற்பத்தேழு நிமிடங்களிலும் இல்லை. இந்த உண்மையை நன்கு அறிந்தே எதிர்மனுதாரர்கள்..."

ஆணையர் நிறுத்தினார். தாளைத் திருப்பிப் பார்த்தார். கீழே அவர் கையெழுத்துக்கு இடம் விட்டிருந்தது. 'மேற்கண்டவை உண்மை என உறுதியளிக்கிறேன்.'

"இதை யார் எழுதியது?"

சத்யப்பிரியா எழுந்து நின்று பணிவாக விளக்கினார். ஒன்றும் கேட்கவில்லை. ஆய்வக அறிக்கையைத் தூக்கிக் காட்டினார். ஆணையர் பேனாவைத் திறந்தார், மூடினார். கையெழுத்துப் போட்டால் குற்றம் நிரூபணம், தன் உரையில் ஒன்றுமில்லை என்பதும் நிரூபணம். போடாவிட்டால் குற்றமே இல்லை. தற்செயலாகத் தொட்டியைப் பார்த்தார். கற்கள் அவருக்கு எதிர்ப்பக்கச் சுவரில் முகத்தை அழுத்திக்கொண்டு நின்றன.

பேச்சிமுத்துதான் முதலில் சிரித்தார். துண்டை வாயில் வைத்தும் தோள் குலுங்கியது. பிறகு அந்தச் சகோதரர்கள். பிறகு கூடம் முழுவதும் தொடையைத் தட்டி, ஒருவர்மேல் ஒருவர் சாய்ந்து, கண்ணில் நீர் வழியச் சிரித்தார்கள். ஒரு பொட்டுச் சத்தம் இல்லை. தொட்டிக்குள் கற்கள் மட்டும் மஞ்சள், ஊதா, பச்சை, சிவப்பு என்று கல்யாண வீட்டுச் சீரியல் பல்பு மாதிரி எரிந்து எரிந்து அணைந்தன. ஆணையர் மக்களைப் பார்த்தார், தொட்டியைப் பார்த்தார். அந்த வெளிச்சத்தில் அவர் முகமும் பல நிறமானது.

"விசாரணை ஒத்திவைக்கப்படுகிறது" என்றார். அது மட்டும் தெளிவாகக் கேட்டது.

இருபது நாள் கழித்து ஆலியா பெயருக்கு ஒப்புகை அட்டையுடன் பதிவுத் தபால் வந்தது. தபால்காரர் வாசலில் நின்றபடி, பெறுநர் கையெழுத்து வேண்டும் என்றார்.

"எழுதத் தெரியாதுண்ணே, ஏழு மாசம்தான் ஆவுது" என்றாள் நூர்பானு.

"அப்ப ரேகை வைக்கச் சொல்லு தாயி."

ஷாநவாஸ் உறையைப் பிரித்தான். 'உண்விடம் எண் 214-இல் இருந்த ஒலியுண்ணிகள் தம் சொந்த விருப்பத்தின் பேரில் நீண்ட விடுப்பில் சென்றுள்ளதாகக் கருதி, இக்கோப்பு முடிக்கப்படுகிறது. அவை பணிக்குத் திரும்பினால் உடனே தெரிவிக்கவும்.'

தபால்காரர் ஆலியாவின் கட்டைவிரலைப் பிடித்து ஊதா மையில் அழுத்தினார். மை குளிர்ந்திருக்க வேண்டும். அவள் அவரை ஒரு முறை உற்றுப் பார்த்தாள். பிறகு வீறிட்டாள். எதிர்வீட்டு ஜன்னல் திறந்தது. ராம்கியின் நாய் குரைத்தது. தபால்காரர் அட்டையைக் கீழே போட்டுவிட்டுக் காதைப் பொத்திக்கொண்டார்.

"என்னா கத்து கத்துது! தூக்குங்கய்யா, காது போயிரும்போலிருக்கு."

"அது பதில் சொல்லுதுண்ணே" என்றாள் நூர்பானு. "ரெண்டு மாசமா யாரும் கேக்கல. முடிக்கட்டும்."

தபால்காரர் குனிந்து அட்டையை எடுத்தார். கைரேகை கோணலாய் விழுந்திருந்தது. அதுவே போதும் என்று சைக்கிளை மிதித்தார். தெரு முனை திரும்பும்வரை அவருக்கு அது கேட்டுக்கொண்டே இருந்தது.